ஜனவரி மாதத்துப் பாசி

என் வயதுக்காரர்களே, மாடிப்படியைப் பார்த்ததும் முட்டியைத் தடவிக்கொண்டு நாளைக்கு ஏறலாம் என்று திரும்பிவிடுகிறவர்களே, இது உங்களுக்குத்தான். இளசுகள் படித்தால் படிக்கட்டும். அவர்களுக்கு மொட்டை மாடி என்றால் தண்ணீர்த் தொட்டி இருக்கிற இடம். நமக்கு அப்படியில்லை.

போன மாதம் என் மகள் ஆன்லைனில் ஒரு பாட்டில் வாங்கினாள். மாடி, பால்கனி கழுவுவதற்காம். பச்சை இலைப் படம் போட்டு, மண்ணுக்குக் கெடுதல் இல்லை, செடிக்குக் கெடுதல் இல்லை, குழந்தை தொட்டாலும் பயமில்லை என்று எழுதியிருந்தது. மூடியைத் திறந்து மோந்து பார்த்தேன். பூந்திக்கொட்டையும் எலுமிச்சைத் தோலும். அவ்வளவுதான் சங்கதி. "ஏம்மா, கண்ணுல பட்டுடுச்சா?" என்றாள் மகள். ஆமாம் என்று சொல்லிவிட்டேன். பூந்திக்கொட்டைத் தண்ணீர் கண்ணில் பட்டால் எரியும் என்பது உண்மைதானே.

தொண்ணூறுகளின் முற்பாதி அது. பெங்களூர் பிரேசர் டவுனில் ஒரு பழைய வீட்டின் மேல் போர்ஷனில் குடியிருந்தோம். அப்பா ஃபேக்டரிக்குப் போவார். அம்மா வீட்டில். நான் மூன்றாம் வகுப்பு. கீழ் போர்ஷனில் வீட்டுக்கார ஆன்ட்டி இருந்தார். வேதக்காரர், கணவர் இல்லை, பிள்ளைகள் வெளிநாட்டில். ரோஜாச் செடிகளைத்தான் பிள்ளை மாதிரி வளர்த்துக்கொண்டிருந்தார். விடியற்காலையில் பேக்கரியில் ரொட்டி வேகும் வாசனை வரும். பள்ளிவாசல் பாங்கு கேட்கும், கொஞ்ச நேரத்தில் சர்ச் மணி அடிக்கும், நடுவில் ரயில் ஒன்று ஊதிக்கொண்டு போகும். அலாரம் வைத்து எழுந்ததாக எனக்கு ஞாபகமே இல்லை.

எங்கள் தலைக்கு மேலே மொட்டை மாடி. செங்கல் நிறத் தட்டு ஓடுகள் பாவிய தளம். காலையில் துணி காயப்போடலாம், சாயந்திரம் எடுக்கலாம். மற்ற நேரம் கதவு பூட்டியிருக்கும். முன்னால் இருந்த குடித்தனக்காரர்களின் பிள்ளைகள் தண்ணீர்த் தொட்டிக்குள் பந்து போட்டு விளையாடியதிலிருந்து அந்தச் சட்டம். சாவி தொலையக் கூடாதென்று ஆன்ட்டி அதில் ஒரு மரக்கரண்டியைக் கட்டி வைத்திருந்தார். ஆகவே எங்கள் வீட்டில் யாராவது கரண்டியும் கையுமாகப் படியேறினால் சமைக்கப் போகவில்லை, மாடிக்குப் போகிறார்கள் என்று அர்த்தம். அந்தக் கரண்டி இப்போது எங்கே இருக்கிறதோ. வீடே இல்லை, கரண்டியை எங்கே தேடுவது.

அந்த வருஷம் ஜூனில் அத்தை வந்தாள். அப்பாவின் தங்கை. ஒரு ட்ரங்குப் பெட்டியும் ஒரு தலையணையும் கொண்டுவந்தாள். அவளுக்கு ஒரு மகன் இருந்தான். அவனைக் கொண்டுவரவில்லை. வேண்டாத பெண்டாட்டி கை பட்டால் குற்றம், கால் பட்டால் குற்றம் என்பார்களே, அப்படித்தான் அவள் புகுந்த வீட்டில் இருந்தது. அவன் நடக்கப் பழகிய வயதிலேயே இவளை வெளியே அனுப்பிவிட்டு, பிள்ளையை மட்டும் வைத்துக்கொண்டார்கள். இரண்டு வருஷம் ஆம்பூரில் தாத்தா வீட்டில் இருந்தாள். தாத்தா இறந்துவிட்டார், பிள்ளையைக் கேட்டுப் போட்ட கேஸும் பெங்களூர் கோர்ட்டில் நடந்தது, அதனால் எங்களிடம் வந்தாள்.

அம்மா அவளை வரவேற்ற விதம் எனக்கு நன்றாக ஞாபகம் இருக்கிறது. "வந்துட்டியா. சரி. பெட்டிய கட்டிலுக்கு அடியில தள்ளு, கால்ல இடிக்கும்." அவ்வளவுதான். அம்மாவின் வாய் அப்படி. எண்ணெய் விடாத கதவு மாதிரி, திறந்தாலே ஒரு சத்தம். அத்தையை அம்மாவுக்குப் பிடிக்காது என்று நான் முடிவுகட்டியது அன்றைக்குத்தான். அந்த முடிவை வெகுகாலம் வைத்திருந்தேன்.

ஜூலை மழையில் மாடி பச்சையாகிவிட்டது. ஓட்டுக்கும் ஓட்டுக்கும் நடுவில் இருக்கிற சந்துகளில் பிறந்து, ஓட்டின் மேலே வழிந்து, தண்ணீர்த் தொட்டி நிழலில் வெல்வெட்டுத் துணி விரித்த மாதிரி பாசி. ஒரு சாயந்திரம் தூறல் போட்டது. துணி எடுக்க அம்மாவோடு ஓடினேன். ஒரு கிளிப் விழுந்தது, எடுக்கப் போனேன், அடுத்து எனக்குத் தெரிந்தது வானம்தான். இடது கால் எலும்பு முறிந்துவிட்டது. பாதத்திலிருந்து தொடை வரை மாவுக்கட்டு.

அம்மா அன்று அழுத அழுகையை அதற்கு முன்னும் பின்னும் நான் பார்த்ததில்லை. கட்டுப் போட்ட காலைத் தன் மடியில் வைத்துக்கொண்டு, "அந்தப் பாசி மண்ணாப் போவ, என் கொழந்த கால ஒடச்சுட்டுதே" என்று சபித்துக்கொண்டே இருந்தாள். கீழேயிருந்து ஆன்ட்டி ஹார்லிக்ஸ் பாட்டிலோடு வந்தார்.

"பாவம் பேபி. நாளைக்கே ஆள வெச்சு ஆசிட் ஊத்திக் கழுவிடறேன்."

"ஊத்துங்க ஆன்ட்டி. மொதல்ல ஊத்துங்க. பாசி வேரோட சாவணும்" என்றாள் அம்மா.

மூலையில் நின்றிருந்த அத்தை மெதுவாகச் சொன்னாள்: "ஆசிட் வேணாங்க. மாடித் தண்ணி பைப்புல எறங்கி உங்க ரோஜாவுக்குத்தானே போவுது? செடி கருகிடும். பூந்திக்கொட்டை போட்டு நான் தேச்சு விடறேன். ஊருல பட்டுப் பொடவைக்கே அதான் போடுவோம்."

ரோஜா என்ற வார்த்தை ஆன்ட்டியின் காதில் விழுந்ததும் ஆசிட் ஒத்திப்போடப்பட்டது. கரண்டிச் சாவி அத்தையின் கைக்கு வந்தது. மாடி சுத்தமாகும் வரை காலை நேரத்தில் அவள் மேலே போகலாம். சும்மா உட்கார்ந்து அண்ணன் வீட்டுச் சோற்றைச் சாப்பிடக் கூச்சப்பட்டுத்தான் அவள் அந்த வேலையைக் கேட்டாள். அப்போது அவளுக்கு வேறு எதுவும் தெரியாது.

முந்தின நாளே பூந்திக்கொட்டையை உடைப்பாள். உள்ளே இருக்கும் கறுப்பு விதைகள் எனக்கு. பவுடர் டப்பாவில் சேர்த்து வைத்தேன், ஆட்டினால் மழை பெய்கிற மாதிரி கேட்கும். தோலை மட்டும் வெந்நீரில் ஊறப்போடுவாள். காலையில் எலுமிச்சைத் தோலையும் போட்டு ஒரு கொதி. ஆறியதும் கையால் பிசைந்து, பழைய வேட்டித் துணியில் வடிகட்டினால் டிகாஷன் நிறத்தில் ஒரு தண்ணீர். பார்க்க அழுக்குத் தண்ணீர்தான். தென்னந்துடைப்பத்தால் நாலு தட்டுத் தட்டினால் பால் பொங்குகிற மாதிரி நுரைக்கும். அதை ஓட்டின் மேலே ஊற்றி ஊறவிடுவாள். பிறகு உட்கார்ந்து தேங்காய் நாரால் தேய்ப்பாள். அம்மா குழம்புக்குக் கரைத்துவிட்டு வைத்த புளிச் சக்கை பிடிவாதக் கறைக்கு. நகர்ந்து நகர்ந்து தேய்ப்பாள், அவள் நகர நகர பின்னால் செங்கல் நிறம் தெரிந்துகொண்டு வரும்.

நான் எப்படிப் பார்த்தேன் என்று கேட்பீர்கள். அத்தைதான் என்னை முதுகில் தூக்கிக்கொண்டு படியேறுவாள். மாவுக்கட்டுக் கால் பக்கத்தில் நீட்டிக்கொண்டிருக்கும், திருப்பத்தில் சுவரில் இடிக்காமல் பக்கவாட்டில் ஏறுவாள். தொட்டி நிழலில் பிரம்பு நாற்காலியில் உட்கார்த்தி, கட்டுக்குள் அரித்தால் சொறிய ஒரு ஸ்வெட்டர் ஊசியும் கொடுப்பாள். அத்தையின் முதுகில் எப்போதும் புளிப்பும் இனிப்புமாக ஒரு வாசனை இருக்கும். அதுதான் அந்தப் பாட்டிலில் இருந்தது.

வீட்டுக்குப் பின்தெருவில் ஒரு நர்சரி ஸ்கூல் இருந்தது. மாடியின் பின்பக்கக் கைப்பிடிச் சுவரில் நின்றால் அதன் மைதானம் தெரியும். ஒருநாள் காலை இன்டர்வெல் பெல் அடித்தது, பிள்ளைகள் கத்திக்கொண்டு வெளியே வந்தார்கள். அத்தை தேய்ப்பதை நிறுத்திவிட்டுச் சும்மா எட்டிப் பார்த்தாள். பார்த்தவள் திரும்பவில்லை. பெல் மறுபடி அடித்து, மைதானம் காலியாகி, நுரையெல்லாம் ஓட்டில் காய்ந்து போகும் வரை திரும்பவில்லை.

"என்னாச்சு அத்தே?"

"ஒரு புள்ள எடது கைய நெஞ்சோட மடக்கிக்கிட்டு ஓடறான் குட்டி. நடக்கப் பழகறப்பவே அவன் அப்பிடித்தான்."

பள்ளிக்கூடம் விடும் நேரத்துக்கு மறுபடி போய் நின்றாள். மொபெட்டில் ஒரு பெரியவர் வந்து, அந்தப் பையனை முன்னால் நிற்கவைத்துக் கூட்டிக்கொண்டு போனார். அத்தையின் மாமனார். ரயில்வே லைனுக்கு அந்தப் பக்கம் அவர்கள் வீடு. அந்த வருஷம்தான் இங்கே சேர்த்திருக்கிறார்கள், இவளுக்கு யார் சொல்வார்கள்.

அன்றைக்கு அத்தை என் நாற்காலிக்கு எதிரில் குத்துக்காலிட்டு உட்கார்ந்து, என் இரண்டு கையையும் பிடித்துக்கொண்டாள். அவள் விரல்கள் ஊறிச் சுருங்கிப் போயிருந்தன. "யாருக்கும் சொல்லாத கண்ணு. ஜட்ஜு சொல்ற வரைக்கும் அவங்கிட்ட போவக் கூடாதுன்னு வக்கீல் சொல்லியிருக்காரு. நான் பாக்கறது அவங்களுக்குத் தெரிஞ்சா ஸ்கூல மாத்திடுவாங்க. அப்பாவுக்குத் தெரிஞ்சாலும் போச்சு. கேட்டாண்ட போய் நின்னு சட்டையப் புடிச்சுடுவாரு."

நான் தலையாட்டினேன். எட்டு வயதில் ஒரு பெரிய மனுஷி தன்னை நம்பிவிட்டால் அதைவிடப் பெருமை வேறு இல்லை. அப்பா பலமுறை என்னிடம், "மாடில அவ அழறாளா?" என்று கேட்டிருக்கிறார். பாட்டுப் பாடிக்கொண்டு தேய்க்கிறாள் என்று சொல்வேன். அது பொய்யில்லை.

ஆக, எங்கள் வீட்டு மாடியை யாரும் தேய்க்காத மாதிரி அத்தை தேய்த்தாள். மழைக்காலம் அவள் பக்கம் இருந்தது. ஆசிட் ஊற்றினால் பாசி வேரோடு போய்விடும். பூந்திக்கொட்டைக்கு அந்தக் கொடூரம் கிடையாது. மேலே இருப்பதை எடுக்கும், ஈரம் இருந்தால் சந்திலிருந்து மறுபடி தளிர்க்கும். தொட்டிப் பக்கம் முடித்துவிட்டு வாசல் பக்கம் போய்ச் சேருவதற்குள் தொட்டிப் பக்கம் பச்சை. ஆன்ட்டிக்கு அதில் குறையில்லை. நுரைத் தண்ணீர் இறங்கி ரோஜாவின் பூச்சியெல்லாம் போய்விட்டதாம். சர்ச்சுக்கு வருகிற சிநேகிதிகளிடம் எல்லாம், "என் டெரஸ்ல ஒரு டிராப் கெமிக்கல் கெடையாது" என்று சொல்லிக்கொண்டிருந்தார்.

எதிர்வீட்டு டீச்சரம்மா வேறு மாதிரி சொன்னார். அம்மாவிடம் கறிவேப்பிலை கேட்க வந்தவர், மாடியைக் கண்ணால் காட்டி, "பெத்த மனம் பித்துன்னு சொல்லுவாங்க. இவ மனசு என்னா கல்லா? புள்ளய அங்க விட்டுட்டு, பாட்டு பாடிக்கிட்டு டெரஸ் தேச்சுக்கிட்டு இருக்கா" என்றார். நான் கூடத்தில் காலை நீட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். அம்மா அத்தைக்காக ஏதாவது பேசுவாள் என்று எதிர்பார்த்தேன். "கறிவேப்பில போதுமா, இன்னும் வேணுமா?" என்றாள் அம்மா. எனக்கு அவள்மேல் கோபம் கோபமாக வந்தது.

இன்னொரு நாள். இன்டர்வெல் நேரம். எனக்குக் கஞ்சி எடுத்துக்கொண்டு அம்மா மாடிக்கு வந்தாள். அவள் அந்த நேரத்தில் வருகிற வழக்கமில்லை. அத்தை கைப்பிடிச் சுவரில் முழங்கை ஊன்றி நின்றிருந்தாள், அம்மா வந்ததைக் கவனிக்கவில்லை. கீழே மைதானத்தில் அவன் நீலத் தண்ணீர் பாட்டிலைக் கழுத்தில் மாட்டிக்கொண்டு ஓடிக்கொண்டிருந்தான், இடது கையை மடக்கிக்கொண்டு. அம்மா டம்ளரை என் கையில் கொடுத்தாள். அத்தையின் முதுகைப் பார்த்தாள். மைதானத்தைப் பார்த்தாள். "அடுப்புல பால் இருக்குது" என்று யாருக்கோ சொல்லிவிட்டு இறங்கிப் போய்விட்டாள். நல்லவேளை, அம்மா எதையும் கண்டுபிடிக்கவில்லை என்று நிம்மதியாகக் கஞ்சியைக் குடித்தேன்.

அதற்குப் பிறகு எங்கள் வீட்டில் எலுமிச்சைப் பழம் அதிகம் வாங்கினார்கள். அப்பா கேட்டதற்கு, "தோலு மாடிக்கு, சாறு சோத்துக்கு. வீணாப் போவுதா என்னா?" என்று அம்மா எரிந்து விழுந்தாள். அம்மாவுக்குப் புளிப்பு ஆகாது, வயிற்றில் புண். எங்களுக்கு எலுமிச்சைச் சாதத்தைப் போட்டுவிட்டு அவள் மோர்ச்சோறு சாப்பிட்டாள். எனக்கோ எலுமிச்சைச் சாதத்தைப் பார்த்தாலே அழுகை வரும் அளவுக்குச் சலித்துப்போயிற்று.

கால் சரியாகச் சேரவில்லை என்று மறுபடி கட்டுப் போட்டார்கள். தீபாவளிக்கும் நான் நாற்காலியில்தான். மத்தாப்பைக் கையில் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன்.

டிசம்பர் பிறந்தது. மழை நின்றது. கிறிஸ்துமஸுக்கு ஆன்ட்டியின் பிள்ளைகள் வருகிறார்கள், மாடியில் ஸ்டார் கட்டி, டேபிள் போட்டு விருந்து. ஒரு காலை இன்டர்வெல்லுக்குக் கொஞ்சம் முன்னால், ஆன்ட்டி ஓர் ஆளோடு படியேறி வந்தார். அந்த ஆள் கையில் இரண்டு கேன். மூக்கைத் துளைக்கும் நெடி.

"நீ நல்லாத்தான் செய்யறே, மேரி. பட் திரும்பித் திரும்பி வருதே. ஒன் டைம் ஆசிட் போட்டுட்டா வருஷம் பூரா கவலையில்ல. கீயும் நான் வெச்சுக்கறேன்" என்றார் ஆன்ட்டி. அவருக்கு எல்லாப் பெண்களும் மேரிதான்.

அத்தை துடைப்பத்தைப் பிடித்தபடி நின்றாள். என்ன சொல்லுவாள்? ரோஜா என்று இழுத்தாள். அந்த ஆள் மூடியைத் திருக ஆரம்பித்தான். எனக்கு எழுந்து போய்த் தட்டிவிட வேண்டும் போல இருந்தது, காலோ மாவுக்கட்டுக்குள் கிடக்கிறது.

அப்போது அம்மா வந்தாள். ஈரக் கையை முந்தானையில் துடைத்துக்கொண்டே வந்து, கேனுக்கும் ஓட்டுக்கும் நடுவில் நின்றாள்.

"ஆன்ட்டி, ஆசிட் போடறதுன்னா போட்டுக்கோங்க, உங்க வீடு. ஆனா இந்த ஓட்டு சந்துல இருக்கறது சுண்ணாம்பு. கரஞ்சு போச்சுன்னா அடுத்த மழைக்கு எங்க வீட்டுக்குள்ள ஒழுவும், அப்புறம் உங்க வீட்டுக்குள்ள ஒழுவும். பைப்புல எறங்கினா ரோஸ் மொத்தமும் காலி. கிறிஸ்மஸுக்கு முன்னாடி மாடி கண்ணாடி மாதிரி இருக்கணும், அவ்ளோதானே? இவ பண்ணுவா. நானும் கூட நின்னு பண்ணறேன். அப்பவும் பாசி இருந்தா நானே ஆசிட் வாங்கித் தரேன்."

பிறகு அத்தையின் பக்கம் திரும்பி, "மசமசன்னு நிக்காத. எந்நேரமும் மாடி மாடின்னு வரத் தெரியுதில்ல? வேலையப் பாரு" என்று ஒரு அதட்டல். பாசி வேரோடு சாக வேண்டும் என்று ஜூலையில் சொன்னவள் இவள். ஆன்ட்டி, "சரி, ஒரு சான்ஸ்" என்று கேன்காரனை அனுப்பிவிட்டார். பின்தெருவில் இன்டர்வெல் பெல் அடித்தது. அத்தை அன்று சுவர்ப் பக்கம் போகவில்லை. குனிந்து தேய்த்துக்கொண்டே இருந்தாள்.

இரண்டு பேரும் சேர்ந்து அந்த மாடியைத் துடைத்த துடைப்பு கொஞ்சமில்லை. கிறிஸ்துமஸ் அன்று ஆன்ட்டி எங்களையும் மேலே கூப்பிட்டார். காகித ஸ்டாருக்குள் பல்பு எரிந்தது, பிளம் கேக் கொடுத்தார்கள், ஓடுகள் புதிதாகச் சுட்டு அடுக்கிய மாதிரி இருந்தன. எல்லோரும் பாராட்டினார்கள். அத்தை கேக்கைக் கையில் வைத்துக்கொண்டு தரையையே பார்த்தாள். பாசி இல்லை. மழை இல்லை. புது வருஷம் பிறந்ததும் பள்ளிக்கூடம் திறக்கும். இன்டர்வெல் நேரத்தில் மாடிக்கு வர அவளுக்கு இனி என்ன காரணம் இருக்கிறது? சாவியை ஆன்ட்டி வாங்கிக்கொண்டுவிட்டார்.

ஜனவரியில் முதல் வாரம் அத்தை வீட்டுக்குள்ளேயே இருந்தாள். இன்டர்வெல் பெல் சத்தம் எங்கள் சமையலறை ஜன்னல் வரை கேட்கும். கேட்டதும் அவள் கை நின்றுவிடும், பிறகு மறுபடி காய் நறுக்கும்.

அடுத்த வாரம் ஆன்ட்டி மேலே போனவர் வேகமாக இறங்கி வந்தார். "மேரி, வந்து பாரு. கார்னர்ல மறுபடி பச்சை." அத்தை கையிலிருந்த கத்தியை அப்படியே வைத்துவிட்டு ஓடினாள். தொட்டிக்குப் பின்னால், வெயில் படாத மூலையில், சந்து சந்தாகப் பாசி. மழை பெய்து ஒரு மாதத்துக்கு மேல் ஆகிறது. தொட்டி ஒழுகுகிறது என்று ஆன்ட்டி பிளம்பரைக் கூப்பிட்டார். அவர் தொட்டியைத் தட்டினார், பைப்பைத் தட்டினார், நெற்றியைத் தட்டினார். "லீக் ஏனூ இல்லா மேடம். நீரு எல்லிந்த பருத்தோ, தேவரே பல்ல" என்று கன்னடத்தில் சொல்லிவிட்டுப் போனார். தண்ணீர் எங்கிருந்து வருகிறதோ ஆண்டவனுக்குத்தான் தெரியுமாம்.

எனக்கும் தெரியும் என்று நினைத்தேன். கட்டுப் பிரித்து நொண்டி நொண்டி நடக்கத் தொடங்கியிருந்தேன். அந்த மூலையில் ஓட்டின் மேலே வெள்ளையாக ஒரு தடம் காய்ந்திருந்ததைப் பார்த்தேன். அரிசி களைந்த தண்ணீர். அத்தை கெட்டிக்காரி, பாசிக்குச் சோறு போட்டு வளர்க்கிறாள் என்று உள்ளுக்குள் சிரித்துக்கொண்டேன். கேட்டால் வெட்கப்படுவாள் என்று கேட்கவில்லை. கரண்டிச் சாவி மறுபடி அவள் கைக்கு வந்துவிட்டது, எனக்கு அது போதும்.

மார்ச் வரை அந்தப் பாசி அவளைக் கைவிடவில்லை. அவள் தேய்ப்பாள், அது வரும். பள்ளிக்கூடம் லீவு விட்ட கொஞ்ச நாளில் கேஸ் முடிந்தது. பிள்ளை அப்பாவிடம்தான். மாதத்தில் ஒரு ஞாயிற்றுக்கிழமை அம்மாவைப் பார்க்கலாம். அப்பா கோபத்தில் சாப்பிடாமல் படுத்துவிட்டார். அத்தை, "ஒரு நாள் குடுத்தாங்களே அண்ணா" என்றாள்.

முதல் ஞாயிற்றுக்கிழமை அந்தப் பெரியவரே அவனை மொபெட்டில் கொண்டுவந்து விட்டார், உள்ளே வரவில்லை. புதுச் சட்டை, எண்ணெய் வழியும் தலை. நடைவாசலில் நின்று எங்கள் எல்லோரையும் பார்த்தான். அத்தை முட்டி போட்டு உட்கார்ந்தாள். தொடலாமா வேண்டாமா என்று அவள் கை காற்றில் நின்றது. அவன் அவளை உற்றுப் பார்த்தான்.

"நீங்க சோப்பு ஆன்ட்டிதானே?"

அப்பா அத்தையைத் திரும்பிப் பார்த்தார்.

"எங்க ஸ்கூல்லருந்து தெரியுமே. மாடில நுரை பறக்கும். நாங்கல்லாம் டாட்டா காட்டுவோம். நீங்க மட்டும் காட்டவே மாட்டீங்க."

காட்டினால் யாராவது பார்த்துவிடுவார்கள், பள்ளிக்கூடத்தை மாற்றிவிடுவார்கள் என்று பயந்து கையைச் சுவருக்குக் கீழேயே வைத்திருந்தவள் அவள். அன்றைக்குத்தான் அவள் அழுது பார்த்தேன். சத்தமில்லாத அழுகை. அவனுக்கு ஒன்றும் புரியவில்லை, "பரவால்ல, இப்ப காட்டுங்க" என்றான். அம்மா சமையலறைக்குள் போய்ப் பாத்திரங்களைத் தடதடவென்று உருட்டினாள்.

அது நீடிக்கவில்லை. ஒரு வருஷம்போல வந்தான். பிறகு அவன் அப்பாவுக்கு வடக்கே மாற்றலாகி, எல்லோரும் போய்விட்டார்கள். அத்தை கார்மென்ட்ஸில் வேலைக்குச் சேர்ந்தாள். அந்த வீட்டை நாங்கள் காலி செய்தபோது மாடி காய்ந்து வெளுத்துக் கிடந்தது. இப்போது அங்கே அபார்ட்மென்ட். நர்சரி இருந்த இடத்தில் கார் ஷோரூம். அவன் பெரியவனாகி, அவனே தேடி வந்து பேச ஆரம்பித்தான், இன்றும் போனில் பேசுகிறான். ஆனால் நான் ஏங்குவது அந்த மாடிக்காகத்தான். மகனுக்கும் தாய்க்கும் நடுவில் ஒரு தெருவும் ஒரு சுவரும் இருந்த அந்த மாடியில், என்னை முதுகில் சுமந்து ஏறிய அந்த அத்தைக்காக.

அம்மா போன வருஷம் இறந்தாள். அவள் திதிக்காகப் போன வாரம் அத்தை வந்திருந்தாள். தலை முழுக்க நரைத்துவிட்டது. மகள் வாங்கிய பாட்டிலைக் காட்டினேன். மோந்து பார்த்துச் சிரித்தாள். அப்போதுதான், இத்தனை வருஷம் கேட்காததைக் கேட்டேன்.

"அரிசி கழுவுன தண்ணி ஊத்தலாம்னு உனக்கு எப்பிடி அத்தே தோணுச்சு? பிளம்பரே தலையச் சொறிஞ்சுட்டுப் போனானே."

"என்னா தண்ணி?"

"பாசிக்கு ஊத்துனியே. ஜனவரில."

அத்தை என்னைப் பார்த்தாள். "நான் எங்க ஊத்துனேன்? சாவிதான் அப்ப ஆன்ட்டிகிட்ட இருந்துச்சே. அந்த வேளாங்கண்ணி மாதா புண்ணியம்னுதான் நெனச்சிருந்தேன். இன்னிக்கு இல்லாமப் போயிடுமோ, நாளைக்கு இல்லாமப் போயிடுமோன்னு பயந்துக்கிட்டேதான் தெனமும் படி ஏறுவேன் குட்டி."

இரண்டு பேரும் சுவரில் இருந்த அம்மாவின் படத்தைப் பார்த்தோம்.

சாயந்திரம் துணி எடுக்கச் சாவி வாங்கும் உரிமை எங்கள் வீட்டில் அம்மாவுக்குத்தான் இருந்தது. காய்ந்த துணிக்குப் போகிறவள் கையில் ஒரு அலுமினியப் பாத்திரம் இருக்கும். "தொளசிக்கு ஊத்திட்டு வரேன்" என்பாள். மாடியில் டால்டா டப்பாவில் ஒரே ஒரு துளசி இருந்தது. ஒரு டம்ளர் தண்ணீர் போதும் அதற்கு.

என் காலை ஒடித்த பாசி அது. மண்ணாய்ப் போக என்று என் காலை மடியில் வைத்துக்கொண்டு அவள் சபித்த பாசி. அத்தையிடம் ஒரு வார்த்தை சொல்லவில்லை. என்னிடம் சொல்லவில்லை. சாகும் வரை சொல்லவில்லை. சொல்லியிருந்தால் அத்தைக்கு அது அண்ணி போட்ட பிச்சையாகத் தோன்றியிருக்கும் என்று நினைத்தாளோ என்னவோ, தெரியாது. கேட்டிருந்தாலும் அடுப்பில் பால் இருக்கிறது என்று போயிருப்பாள்.

"அண்ணி" என்றாள் அத்தை, படத்தைப் பார்த்து.

மதியச் சமையலுக்கு நேரமாகிவிட்டிருந்தது. எழுந்துபோய் அரிசியைக் களைந்தேன். தண்ணீர் வெள்ளையாக இறங்கியது. பாத்திரத்தைச் சாய்க்கப் போனேன். சிங்க்கில் கொட்டக் கை வரவில்லை.